உதட்டு மணி

முகவாதம் வந்து கோணிய வாய் நேரான பிறகும் ஜெனிட்டாவின் உதட்டோரம் மரத்தே கிடந்தது. யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் நாளைய வில்வித்தை அணித் தேர்வுக்கு வேறொருத்தியை அனுப்பிவிடுவார்கள்.

நாணை இழுக்கும் கை ஒவ்வொரு தடவையும் ஒரே இடத்தில் நிற்கவேண்டுமென்று, கோச் தனபால் நாணில் ஒரு புது பிளாஸ்டிக் மணியை மாட்டிவிட்டிருந்தார். அது உதட்டோரத்தில் பட்டதும் அம்பை விடவேண்டும்.

"பட்டுச்சாம்மா?"

"பட்டுச்சு சார்."

அம்பு இலக்கின் நடு மஞ்சளில் போய்க் குத்தியது. அடுத்ததும் மஞ்சள்தான்.

"பாத்தியா? எல்லாம் மணி பண்ற வேலை!" தொலைநோக்கியிலிருந்து கண்ணை எடுக்காமலே அவர் சிரித்தார்.

அவள் வில்லைத் தாழ்த்தினாள். மணி புல்லில் கிடந்தது. எந்த அம்புக்கு விழுந்ததோ. ஷூவை மெல்ல நகர்த்தி அதன்மேல் வைத்துக்கொண்டு, அடுத்த அம்பை எடுத்தாள்.

"பட்டுச்சாம்மா?"

"பட்டுச்சு சார்."

இன்னும் அவள் நாணை இழுக்கவே இல்லை.