வாத்து வரிசை

குடும்பக் குழுவில் மச்சான் போட்டிருந்த செய்தியைப் பார்த்ததும் அவனுக்குக் காது இரண்டும் சூடாகிவிட்டன.

“மாப்ள, நூத்தி எண்பத்தேழாவது லெவலுக்குப் போயிட்டீங்க போல. கில்லாடிதான்.”

அதற்குக் கீழே சித்தி ஒரு சிரிப்பு முகம் போட்டிருந்தாள். பெரியப்பா கட்டைவிரலை உயர்த்தியிருந்தார். அவருக்கு எதற்கும் கட்டைவிரல்தான், இழவுச் செய்திக்கும் அதையேதான் போடுவார்.

மருத்துவமனையின் மூன்றாம் மாடியில், கீமோ அறைக்கு வெளியே அவன் உட்கார்ந்திருந்தான். மனைவி உள்ளே போய்க் கால் மணி நேரம் ஆகியிருந்தது. இது ஐந்தாவது செவ்வாய்க்கிழமை. துணைக்கு வருகிறவர்களை உள்ளே விடமாட்டார்கள். மருந்து சொட்டுச் சொட்டாக இறங்கி முடிய மூன்று மணி நேரம் ஆகும்.

மச்சானுக்கு எப்படித் தெரிந்தது?

குழு இருந்த அந்தச் செயலியிலேயே தன் பெயரைத் தொட்டுப் பார்த்தான். பெயருக்குக் கீழே பச்சை எழுத்தில் ஒரு வரி எரிந்துகொண்டிருந்தது. ‘வாத்து வரிசை ஆடிக்கொண்டிருக்கிறார், லெவல் 187.’

ஆட்டத்தை இறக்கிய அன்று அது ஏதேதோ அனுமதி கேட்டது. எல்லாவற்றுக்கும் சரி, சரி என்று அழுத்தித் தொலைத்திருந்தான். பொடி எழுத்தைப் படிக்க ஊருக்கெல்லாம் லென்ஸ் தேய்த்துக் கொடுக்கிறவன், அன்றைக்குப் பொடி எழுத்தைப் படிக்கவில்லை.

அந்த வரியைத் தொட்டால் ஒரு பட்டியலே விரிந்தது. செவ்வாய், 10.12 முதல் 1.05 வரை. செவ்வாய், 10.08 முதல் 1.17 வரை. வேறு கிழமையே அதில் இல்லை.

முதல் செவ்வாயன்று அவனுக்குக் கை நடுங்கியது. அவன் தொழிலில் கை நடுங்கினால் லென்ஸ் போச்சு. எதையாவது செய்தாக வேண்டும் என்று அகப்பட்ட முதல் ஆட்டத்தை இறக்கினான். சிதறி ஓடும் வாத்துகளைப் பிடித்து வரிசையில் நிறுத்த வேண்டும், அவ்வளவுதான். கை நின்றது.

அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. ஆட்டம் பிடித்துப்போய்விட்டது.

போன செவ்வாய் கதவு திறந்து அவள் சுவரைப் பிடித்துக்கொண்டு வெளியே வந்தபோது, ‘ஒரு நிமிஷம் இரு’ என்று மனதுக்குள் சொல்லிவிட்டு, கையிலிருந்த லெவலை முடித்துவிட்டுத்தான் எழுந்தான். அதை நினைத்தால் இப்போதும் உடம்பு கூசுகிறது.

வீட்டுக்குப் போகும் வழியில், வெளியே என்ன செய்துகொண்டிருந்தீர்கள் என்று அவள் வாராவாரம் கேட்பாள். உன்னையேதான் நினைத்துக்கொண்டிருந்தேன் என்பான். அவள் ஜன்னல் பக்கம் திரும்பிச் சிரித்துக்கொள்வாள்.

நல்லவேளை, அவள் இதைப் பார்த்திருக்க மாட்டாள். உள்ளே போனதும் கண்ணை மூடிக்கொள்வேன், ஃபோனைத் தொடவே மாட்டேன் என்று அவளே சொல்லியிருக்கிறாள். ஆனால் அவள் அண்ணனுக்கு வாய் சும்மா இருக்காது. வீட்டுக்குப் போனதும் போட்டு உடைத்துவிடுவான்.

அமைப்புகளுக்குள் நுழைந்து துழாவினான். ‘விளையாட்டுத் தரவுகளை நீக்கு’ என்று அடியில் எங்கோ இருந்தது. நீக்கினால் திரும்பக் கிடைக்காது, உறுதிதானா என்று கேட்டது. உறுதிதான். நான்கு வாரமும் ஒரு நொடியில் போயின. இனிமேல் எதுவும் வெளியே தெரியாதபடி இன்னொரு பொத்தானையும் அணைத்தான். குழுவில், தெரியாமல் கை பட்டுவிட்டது மச்சான் என்று ஒரு பொய்யையும் எழுதிப் போட்டான்.

பிறகு ஃபோனைச் சத்தமில்லாமல் வைத்து, அவளுடைய மாற்றுத் துணி இருந்த பையின் அடியில் திணித்தான். இன்றைக்காவது ஒழுங்காக உட்காருவோம் என்று இரண்டு கைகளையும் முழங்காலில் வைத்துக்கொண்டு கதவையே பார்த்தான். சிறிது நேரத்தில் விரல்கள் நடுங்கத் தொடங்கின. நடுங்கட்டும், நன்றாக வேண்டும் எனக்கு என்று விட்டுவிட்டான்.

முக்கால் மணி நேரம் போயிருக்கும். கதவைத் திறந்துகொண்டு நர்ஸ் வந்தாள். வரிசையாக எல்லா முகங்களையும் பார்த்துவிட்டு அவனிடம் வந்து நின்றாள்.

“சார், இங்கதான் இருக்கீங்களா? அக்கா ரெண்டு தடவை ஃபோன் போட்டாங்க, நீங்க எடுக்கலையாம். வாத்து அணைஞ்சிடுச்சு, அவர் எங்கயோ எழுந்து போயிட்டார்னு ஒரே அழுகை. வாராவாரம் ஃபோன்ல அந்த வரியைப் பார்த்துக்கிட்டேதானே படுத்திருப்பாங்க.”

இங்கேதான் இருக்கிறேன் என்று சொல்லச் சொன்னான். நர்ஸ் தலையாட்டிவிட்டு உள்ளே போனாள்.

அப்படியென்றால் நான்கு செவ்வாயும் அவளுக்குத் தெரியும். ஜன்னல் பக்கம் திரும்பிச் சிரித்ததெல்லாம் தெரிந்துகொண்டே சிரித்த சிரிப்பு. சுவரைப் பிடித்துக்கொண்டு அவள் வெளியே வந்த அந்த ஒரு நிமிஷத்திலும் அவள் ஃபோனில் அந்த வரி எரிந்துகொண்டுதான் இருந்திருக்கும்.

அவனுக்கு எங்கே பார்ப்பது என்று தெரியவில்லை.

பையைக் கிளறி ஃபோனை எடுத்தான். அணைத்த பொத்தானைத் திரும்பப் போட்டான். யார் யாருக்குத் தெரிய வேண்டும் என்று கேட்டது. அவள் பெயரை மட்டும் தொட்டான்.

ஆட்டத்தைத் திறந்து மடியில் வைத்துக்கொண்டான். ஆடவில்லை. திரை மங்கும்போதெல்லாம் விரலால் ஒருமுறை தொட்டுவிட்டு, கதவையே பார்த்துக்கொண்டிருந்தான்.