ஆறு மணி நேர ஆப்பிள்

“மூடியைத் திறக்காதீங்க அத்தை!”

குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு சமையலறை வாசலுக்கு வந்த மருமகள் கத்தியே விட்டாள். ஸ்லோ குக்கர் என்ற அந்த மின்சாரச் சட்டியின் கண்ணாடி மூடிமேல் இருந்த கையை மாமியார் சட்டென்று எடுத்துக்கொண்டாள்.

“திறக்கலம்மா. சும்மா தொட்டுப் பார்த்தேன்.”

“ஒரு தடவை திறந்தா உள்ளே இருக்கிற சூடெல்லாம் போயிடும் அத்தை. மறுபடி ஏற அரை மணி நேரமாகும். அதுபாட்டுக்கு ஆறு மணி நேரம் வேகணும். அதுதான் இதோட விசேஷமே.”

“சரிம்மா, சரி. முகத்தைக் கழுவிட்டு வா, சாப்பிடலாம். மணி ரெண்டாகப் போகுது.”

மாமியார் நகர்ந்துவிட்டாள். மருமகளுக்குத்தான் மனசு ஆறவில்லை. தான் கண்ணசந்த ஒரு மணி நேரத்தில் மாமியார் எத்தனை தடவை திறந்தாளோ!

இன்றைக்கு அந்த ஆப்பிள் வெந்தே ஆக வேண்டும். நாலு மணிக்கு நாத்தனார் வருகிறாள்.

குழந்தைக்கு ஐந்து மாதம். திங்கட்கிழமை அவள் திரும்ப வேலைக்குப் போக வேண்டும். “கைக்குழந்தையை வெச்சுக்கிட்டு வேலையா? உன்னால ஒரு டீயைச் சூடாக் குடிக்க முடியுதா முதல்ல? பேசாம ராஜினாமா எழுதிக் கொடுத்துட்டு வீட்ல இரு” என்று போன வாரம் நாத்தனார் போனில் ஒரு போடு போட்டாள். “அக்கா நேர்ல வந்து பார்க்கட்டும், அப்புறம் முடிவு பண்ணலாம்” என்று கணவன் நழுவினான். மாமியாரோ வாயே திறக்கவில்லை. வாய் திறக்காதவர்கள் மகள் பக்கம்தான் என்று அவளே தீர்மானித்துக்கொண்டாள்.

அதனால்தான் காலை பத்து மணிக்கே இறங்கிவிட்டாள். ஆப்பிள், பேரிக்காய், சர்க்கரை, பட்டைத் தூள், மேலே வெண்ணெயில் பிசறிய ஓட்ஸ். பிரமாத வேலையொன்றும் இல்லை. ஆனால் குழந்தை வீட்டையே இரண்டாக்கிக்கொண்டிருந்தது. ஒரு கையில் அதை அணைத்தபடி, மறு கையால் எல்லாவற்றையும் கொட்டி, மூடியைப் போட்டு, குக்கரின் குமிழைத் திருப்பிவிட்டு ஓடினாள்.

நாலு மணிக்கு வந்த நாத்தனார் செருப்பைக் கழற்றும்போதே மோப்பம் பிடித்தாள்.

“என்ன, பட்டை வாசனை? கடையில வாங்கினியா?”

“நானே செஞ்சது அண்ணி. காலையிலேயே போட்டுட்டேன். வேலைக்குப் போற நாள்லயும் இப்படித்தான். போட்டுட்டுப் போனா, வரும்போது தயாரா இருக்கும்.”

மூன்று நாளாக ஒத்திகை பார்த்த வசனம்.

“எங்கே, காட்டு.”

மருமகள் மூடியைத் திறந்து கரண்டியை விட்டாள். ‘டக்’கென்றது. ஆப்பிள் கல்லு மாதிரி கிடந்தது.

“காலையில போட்டதா இது?” நாத்தனாரின் புருவம் மேலே போனது. “ஒரு ஆப்பிளை வேகவைக்க முடியல. இதுக்குத்தான் நான் தலையால அடிச்சுக்கிட்டேன்...”

மருமகள் அவசரமாக மூடியைத் திரும்பப் போட்டாள்.

“அவ மேல தப்பில்லடி.” பின்னாலிருந்து மாமியாரின் குரல். “நான்தான் திறந்து திறந்து பார்த்துட்டேன். சூடெல்லாம் போயிடுச்சு.”

“உனக்கு எதுக்கும்மா இந்த வேண்டாத வேலை?”

“புது மெஷின். ஆசையா இருந்துச்சு.”

“நல்ல ஆசை! இடுப்புல இருக்கிற பேரன் தேவலை போலிருக்கு!”

மருமகளுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. கூடவே ஆத்திரமும் வந்தது.

“நான் படிச்சுப் படிச்சுச் சொன்னேன் அண்ணி. கேட்டா, திறக்கவே இல்லைன்னு பொய் வேற!”

சொன்ன பிறகுதான் கொஞ்சம் அதிகமோ என்று தோன்றியது. மாமியார் பேரனின் மூக்கைத் துடைத்துவிட்டாள்.

மருமகள் குமிழை அதிகச் சூட்டுக்குத் திருப்பி வைத்தாள். அஞ்சரை மணிக்குப் பழமெல்லாம் குழைந்து, சாறு ஓரத்தில் பொங்கி நின்றது. நாத்தனார் இரண்டாவது கிண்ணம் கேட்டாள்.

“பரவாயில்லையே! நீ சமாளிச்சுடுவே. திங்கட்கிழமை தைரியமாப் போ. எங்கம்மாவை மட்டும் சமையல்கட்டுப் பக்கம் விடாதே!”

எல்லோரும் சிரித்தார்கள். மாமியாரும்தான்.

ஆறு மணிக்குக் கணவன் வந்தான். அக்காவிடம் இரண்டு வார்த்தை பேசிவிட்டு, கிண்ணத்தோடு நேரே சமையலறையில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த மனைவியிடம் வந்தான்.

“அப்பாடா, வெந்துடுச்சா! நாலு மணிக்குள்ள ஆகாதுன்னு அம்மாகிட்ட அப்பவே சொன்னேன்.”

“எப்போ சொன்னீங்க?”

“மதியம் ஒண்ணரைக்குப் போன் பண்ணினாங்களே. ‘பக்கத்துல போனா அனலே இல்லடா, சட்டி சில்லுன்னு கிடக்கு’ன்னாங்க. சுவர் ஸ்விட்ச்சைப் பாருன்னேன். காலையிலேர்ந்து போடவே இல்லை! எந்த ஸ்விட்ச்னு நான்தான் சொல்லிக் கொடுத்துப் போட வெச்சேன்.” நாக்கைக் கடித்துக்கொண்டான். “ஐயையோ, உங்கிட்ட சொல்லக் கூடாதுன்னாங்க.”

அவள் கரண்டியைத் தொட்டியிலேயே போட்டுவிட்டுத் திரும்பினாள்.

“என்னை எழுப்பியிருக்கலாமே...”

“நானும் அதைத்தான் சொன்னேன். ‘வேண்டாம்டா, இப்பத்தான் கண்ணசந்திருக்கா. இது தெரிஞ்சா, தன்னால எதுவும் முடியாதுன்னு அவளே வேலையை விட்டுடுவா. உங்கக்கா கேட்டா நான் பார்த்துக்கறேன்’னுட்டு, போனை வெச்சுட்டாங்க.”