வலது முன்சக்கரம்

கார்ச் சக்கரத்திலிருந்து கழற்றிய பேரிங் மாஸ்டரின் உள்ளங்கையில் வெண்ணெய் போலச் சுழன்றது.

இன்னொரு முறை சுற்றினார். கரகரப்பும் இல்லை, ஆட்டமும் இல்லை.

நல்ல பேரிங்கைக் கழற்றிப் போட்டிருக்கிறார்.

இருபத்தாறு வருடத்தில் இதுதான் முதல் முறை.

அந்தத் தெருவில் அவருக்குப் பெயரே காது மாஸ்டர். மற்ற பட்டறைகள் கைவிட்ட வண்டிகள்கூட இவரைத் தேடி வரும். ஓட்டுபவர் பக்கத்தில் உட்கார்ந்து ஒரு தெரு தாண்டுவதற்குள் சொல்லிவிடுவார், எந்தச் சக்கரம், இன்னும் எத்தனை நாள் தாங்கும் என்று. வண்டியை இடமும் வலமும் வளைத்து, சத்தம் எப்போது ஏறுகிறது என்று பார்ப்பதெல்லாம் காது இல்லாதவன் செய்கிற வேலை என்பார்.

இன்று வந்தது வீட்டு வண்டி. அவர் மனைவி கார் ஓட்டக் கற்றுக்கொடுப்பவள். அவளுடைய பயிற்சிக் கார்.

காலையில் அவள் ஓட்ட, அவர் பக்கத்தில் இருந்தார். வேகம் நாற்பதைத் தொட்டதும் ‘ஊ’ என்று ஒரு முனகல்.

“இடது முன்சக்கரம்,” என்றார்.

“இடப்பக்கம் திருப்பும்போதுதாங்க சத்தம் ஏறுது. அப்போ பாரம் வலது சக்கரத்து மேலதானே விழும்? எனக்கென்னவோ வலதுன்னுதான் படுது.”

“அதுக்கு ஏன் இப்படிக் கத்துற? நான் என்ன உன் ஸ்டூடண்ட்டா?”

வண்டியில் ஏறினாலே அவள் குரல் பெருத்துவிடுகிறது என்று ஆறு மாதமாக இதே கிண்டல். தொழில் தொண்டையில் ஏறிவிட்டதாம்.

ஒரு பேரிங் வாங்கப் போனவள் இரண்டு பெட்டியோடு திரும்பி வந்தாள்.

இப்போது அந்த இரண்டு பெட்டியும் அவர் காலடியில் இருந்தன.

பக்கத்துப் பட்டறை பெயின்டர் டீ கிளாஸோடு எட்டிப் பார்த்தார். வாய்க்குப் பூட்டுப் போடத் தெரியாத மனிதர்.

“என்ன மாஸ்டர், கழட்டினது புதுசு மாதிரி சுத்துது? காதுக்கு இன்னைக்கு லீவா?”

மாஸ்டருக்கு முகம் சுண்டிப்போனது. சாயங்காலத்துக்குள் தெரு முழுக்கப் பரவிவிடும். சம்பாதித்ததிலேயே பெரிய சொத்து அந்தப் பெயர்தான்.

அவள் முந்திக்கொண்டாள்.

“நான்தாண்ணே ரெண்டு பக்கமும் மாத்தச் சொன்னேன். பழகறவங்க ஓட்டற வண்டி பாருங்க, எதுக்கு வம்பு?”

“அதானே பார்த்தேன்!” பெயின்டர் ஒரு பழைய டயர்மேல் சாவகாசமாக உட்கார்ந்துகொண்டார்.

மாஸ்டர் நிமிர்ந்து யாரையும் பார்க்கவில்லை. இடப்பக்கம் புதியதைப் பூட்டி முடித்தார். ஜாக்கியை வலப்பக்கம் நகர்த்தி வண்டியைத் தூக்கினார். வழக்கம்போலக் காதைச் சாய்க்கவில்லை. ஒரு கையைச் சக்கரத்துக்கு மேலே இருக்கும் ஸ்பிரிங்கில் வைத்து, மறு கையால் சக்கரத்தைச் சுற்றிவிட்டார்.

மணல் மணலாக ஒரு நடுக்கம் விரல்களில் ஏறியது.

வலதுதான்.

அதற்குப் பிறகு கை தடுமாறவில்லை. சக்கரம் வந்தது, நடு நட்டு வந்தது, பின்னாலிருந்த மூன்று போல்ட்டும் வந்தன. துருவில் ஒட்டிக்கிடந்த பேரிங் மட்டும் நாலு அடி வாங்கிய பிறகே இறங்கி வந்தது. கையில் சுற்றினால் உள்ளே சரளைக்கல் உருண்டது. அந்த இடத்தைத் துருப் போகத் தேய்த்துத் துடைத்து, புதியதை உட்கார வைத்து இறுக்கினார்.

மறுபடியும் அவள் ஓட்ட, அவர் பக்கத்தில். நாற்பது. அறுபது. முனகல் இல்லை.

தற்செயலாக அவள் பக்கம் திரும்பினார். அவள் உதடுகள் அப்போதுதான் மூடின.

“ஏதாவது சொன்னியா?”

அவள் பட்டறை வாசலில் வண்டியை நிறுத்தி இறங்கினாள். முன்பக்கமாகச் சுற்றி வந்து அவருடைய ஜன்னலில் குனிந்தாள்.

“உங்க கைக்கு ஈடே இல்லைன்னு சொன்னேங்க.”

மெதுவாகத்தான் சொன்னாள். ஒரு எழுத்து விடாமல் கேட்டது.

மாஸ்டர் வலது காதருகே இரண்டு விரல்களைத் தேய்த்துப் பார்த்தார். ஒன்றுமில்லை. இடது காதருகே தேய்த்தார். சரசரத்தது.

ஜன்னல் காற்று ஒத்துக்கொள்ளவில்லை என்று ஆறு மாதம் முன்பு கட்டிலில் இடம் மாறிப் படுத்தவள் அவள். மேசையில் நாற்காலியை மாற்றிப் போட்டவள். சாலையில் நடக்கும்போதும் சுற்றிக்கொண்டு வந்து அவருடைய இடப்பக்கத்தில் சேர்ந்துகொள்பவள்.

ஸ்டீயரிங் வலப்பக்கம் இருக்கிற காரில் மட்டும்தான் அவளால் பக்கம் மாற முடியவில்லை. அங்கேதான் கத்தினாள்.

“என்ன மாஸ்டர், சத்தம் போச்சா?” பெயின்டர் டயரிலிருந்து எழுந்து வந்தார்.

மாஸ்டர் கதவைத் திறந்து இறங்கினார். தெருவுக்கே கேட்கும்படி சொன்னார்.

“போச்சு. ஆனா இடதுன்னு கழட்டினது என் தப்பு. காலையிலயே வலதுன்னு சரியாச் சொன்னவ இவதான். இனிமே இந்தப் பட்டறைக்குக் காது இவ!”



அவள் வழக்கம்போல அவரைச் சுற்றிக்கொண்டு வரக் கால் எடுத்து வைத்தாள்.

அதற்குள் அவரே சுற்றிப் போய், அவளுடைய வலப்பக்கத்தில் நெஞ்சை நிமிர்த்தி நின்றுகொண்டார்.