கைப்பைக்குள் இருந்த சான்றிதழ்

முதியோர் உணவு உதவி அலுவலகத்தில் இருந்த ஒரே நாற்காலியில் கணவர் உட்கார, அவள் வழக்கம்போல் பின்னால் நின்றாள். கைப்பைக்குள் இருந்த சான்றிதழை மறுபடியும் தொட்டுப் பார்த்துக்கொண்டாள். அவர் பெயரில் மாதாமாதம் வரும் ஒரு பை உணவில் இரண்டு வயிறுகளை ஒரு வருடம் ஓட்டியாயிற்று. இனி முடியாது.

"அம்மாவுக்கும் எழுதலாமா ஐயா?" என்று கேட்டாள் அதிகாரி.

"அறுபது முடிஞ்சாத்தானே குடுப்பீங்க? இவளுக்கு அம்பத்தெட்டு. பொய் சொல்லி வாங்கித் தின்னுற குடும்பம் இல்லம்மா எங்களுது."

ஆனாலும் அவள் சான்றிதழை எடுத்து நீட்டிவிட்டாள்.

"ஏய், என்னது அது?" என்று கணவர் உறுமினார்.

அதிகாரி அதை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். கணினியில் ஏதோ தட்டினாள். மறுபடியும் பார்த்தாள்.

"சரியாத்தான் இருக்கு. அம்மாவுக்கு அறுபத்துமூணு. உங்களைவிட ரெண்டு வயசு மூத்தவங்க."

கல்யாணம் கூடிவர வேண்டும் என்பதற்காக அப்பா குறைத்துச் சொன்ன ஐந்து வயது, முப்பத்தெட்டு வருடம் கழித்து மேசைமேல் கிடந்தது. அவள் பயந்தது அதிகாரிக்கு அல்ல.

கணவர் சான்றிதழை வாங்கி, ஒவ்வொரு எழுத்தாகப் படித்தார். பிறகு எழுந்தார். அவள் கண்ணை இறுக மூடிக்கொண்டாள்.

நாற்காலி இழுபடும் சத்தம் கேட்டது.

"மூத்தவங்க நிக்கக் கூடாது," என்றார் அவர். "உக்காருங்க."