ஓடும் எழுத்துகள்

களியக்காவிளையில் மதிய வெயிலில் சாலை அடைத்துக் கிடக்கிறது. மின்னணு அறிவிப்புப் பலகைக்குக் கீழே, தகரக் கூண்டை உள்ளே தாழிட்டுக்கொண்டு கணினியின் முன் இருக்கிறாள் சபிதா. 'தலைக்கவசம் அணிவீர்' என்று ஓடவிடுவது அவள் வேலை. எதிரே நெரிசலில் மாட்டி நிற்கிறது பாறை ஏற்றிய மஞ்சள் லாரி. அவளுடைய அண்ணன் ஸ்ரீஜித்தை இடித்துப் போட்டுவிட்டு நிற்காமல் போன லாரி அது. ஓட்டுபவனும் அதே மீசைக்காரன். லாரியின் எண்ணைக் கண்ணால் பார்த்த அவளே சொல்லியும், அடையாளம் தெரியாத வாகனம் என்று வழக்கை மூடிவிட்டார்கள். அவள் நிதானமாகத் தட்டுகிறாள். சிவப்பு எழுத்துகள் வலப்புறமிருந்து ஊர்ந்து வருகின்றன: 'இந்த மஞ்சள் லாரி என் அண்ணனைக் கொன்றது.' அடுத்து அதன் எண். பேருந்து ஜன்னல்களில் தலைகள் நீளுகின்றன. ஒரு பெண் உரக்க வாசிக்கிறாள். மீசைக்காரன் குதித்திறங்கி, வியர்வை வழியக் கூண்டின் கம்பியைப் பிடித்து உலுக்குகிறான்.

"ஏட்டி, அத அழி. ஒனக்க வேல போயிரும்."

"போனா போட்டு. நீ வாசிலே, நல்லா வாசி."

முன்னாலும் பின்னாலும் வண்டிகள். லாரியை அவனால் ஓரடி நகர்த்த முடியாது. கைபேசிகள் அவன் முகத்துக்கு நேரே உயர்கின்றன. சபிதா பலகையின் வெளிச்சத்தை முழுதாகக் கூட்டுகிறாள். பிறகு, எழுத்துக்கூட்டி வாசிப்பவர்களுக்கும் புரியட்டும் என்று ஓட்டத்தின் வேகத்தைக் குறைக்கிறாள்.