காட்டிக் கொடுக்காதவன்

கட்டிலோரம் மண்டி போட்டு அழுதுகொண்டிருந்தான் கிளெம். கால் போனது அவனுக்கில்லை. கட்டிலில் கிடந்த மிலோவுக்கு.

"அழாதேண்ணே. போனது போச்சு," என்றான் மிலோ. இடது முழங்காலுக்குக் கீழே போர்வை தட்டையாகக் கிடந்தது.

பென்சில்வேனியாவில் ஒரே ரயில் யார்டில் சேர்ந்து பெட்டி கோத்தவர்கள் இருவரும். மிலோவின் மகளுக்குக் கிளெம்தான் ஞானத்தகப்பன்.

போன மாதம் மிலோ இரண்டு பெட்டிகளுக்கு நடுவே நின்று கொக்கி மாட்டிக்கொண்டிருந்தான். கூட வேலை செய்த டோபின் திரும்பிக்கூடப் பார்க்காமல் இன்ஜினை நகர்த்தச் சொல்லிக் கை காட்டிவிட்டான். அவ்வளவுதான், கால் நசுங்கிப் போனது.

"கம்பெனி ஆள் இப்ப வருவாரு. எப்படி நடந்துச்சுன்னு கேப்பாரு. டோபின் பேரைச் சொல்லிடாதடா," என்றான் கிளெம். "அவனுக்கு அஞ்சு புள்ளைங்க. வேலை போச்சுன்னா தெருவுலதான் நிக்கணும்."

மிலோவின் மனைவி சூஸ்கா முட்டைக்கோஸ் சூப் சட்டியை ணங்கென்று வைத்தாள். "எங்க புள்ளைங்க மட்டும் காத்தைக் குடிச்சா வளருதுங்க? ஒத்தக் காலோட இவரு எங்க போயி சம்பாதிப்பாரு?"

"ரயில்வே கேட்ல கொடி காட்டுற வேலை இருக்கும்மா. கால் போனவங்களுக்குன்னே வெச்சிருக்காங்க. உக்காந்த இடத்துல சம்பளம். நான் பேசிட்டேன்."

கிளெம் கண்ணைத் துடைத்துக்கொண்டான். சூஸ்கா அவன் நகங்களைப் பார்த்தாள். சோப்புக்கு அசையாத கரி படிந்த நகங்கள், இப்போது பாதிரியார் நகம் மாதிரி வெளுத்திருந்தன.

"யார்டுக்கே போறதில்லையாண்ணே?"

"சங்க வேலையே சரியா இருக்கும்மா." மிலோ பக்கம் திரும்பினான். "பைபிள் மேல கை வெச்சுத்தானடா சங்கத்துல சேர்ந்தோம்? கூட வேலை செய்யிறவனை முதலாளிகிட்ட காட்டிக் குடுக்க மாட்டோம்னு சொன்னோமா இல்லியா?"

மிலோ மறக்கவில்லை. அப்படிப்பட்டவன்.

தொப்பியைக் கழற்றிக்கொண்டு உள்ளே வந்தார் கம்பெனி ஆள் ஸ்ப்ரேக். கூடவே எழுதிக்கொள்ள ஒருவன்.

"யாராவது கவனக்குறைவா இருந்தாங்களா, மிலோ?"

சூஸ்கா புருஷனையே பார்த்தாள். அவன் கூரையைப் பார்த்தான்.

"யாருமில்ல சார். பனி. நானேதான் வழுக்கி விழுந்தேன்."

ஸ்ப்ரேக் இரண்டாம் தடவை கேட்கவில்லை. எழுதிய தாளில் கையெழுத்து வாங்கிக்கொண்டு பையைப் பூட்டினார்.

"அந்தக் கேட் வேலை எப்ப சார் கிடைக்கும்?" என்றாள் சூஸ்கா.

"எந்த வேலைம்மா?"

"சரி, கால் போனதுக்கு நஷ்டஈடாவது..."

"கூட வேலை செஞ்சவன் தப்புன்னா கம்பெனிதான் குடுக்கணும். இப்ப சட்டமே அதுதான். இவரு தானா விழுந்தேங்கிறாரே, அதுக்கு நாங்க என்னம்மா பண்றது?"

மிலோ கையை ஊன்றி எழுந்து உட்கார்ந்தான். "அண்ணே, இந்தச் சட்டம் உனக்குத் தெரியுமா?"

கிளெம் எழுந்து முட்டியில் ஒட்டிய தூசியைத் தட்டினான். முகம் அதற்குள் காய்ந்துவிட்டிருந்தது.

ஸ்ப்ரேக்குக்கு முன்னால் போய்க் கதவைத் திறந்துவிட்டுக் கேட்டான்.

"அடுத்து எந்த வீடு சார்?"