கடைசியில் தரும் பரிசு

"இந்த வருஷமும் கடைசியிலதானா மேடம்?"

பட்டியலைப் பார்த்ததுமே வயரிங் சாருக்குப் பற்றிக்கொண்டு வந்தது. தொழிற்பிரிவில் எலெக்ட்ரிக்கல் வயரிங் சொல்லிக்கொடுப்பவர். அதனால் பள்ளிக்கே அவர் வயரிங் சார்தான்.

பள்ளி முடித்துப் போகிறவர்களில் முதலிடம் பிடித்தவர்களுக்கு ஆண்டுதோறும் நடக்கிற பரிசளிப்பு விழா. கணக்கு, அறிவியல், வணிகம் என்று பாடப்பிரிவுக்காரர்கள் பதினெட்டுப் பேர் முதல் இரண்டு பக்கங்களில். வயரிங், தையல், மோட்டார் மெக்கானிக் என்று தொழிற்பிரிவுக்காரர்கள் மூன்றே பேர், மூன்றாவது பக்கத்தில்.

தலைமையாசிரியை நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

"கடைசியிலதான் சார். அதுல மட்டும் கை வைக்காதீங்க."

பதினோரு வருஷமாக இதே பதில். ஏன் என்று கேட்டால், அது அப்படித்தான் என்பார். பதினோரு வருஷமும் விழா என்றால் ஸ்பீக்கரைப் பார்த்துக்கொள்ள மேடைக்குப் பின்னால் நிற்பது வயரிங் சாரின் தலையெழுத்து. அங்கிருந்து அவர் பார்த்ததும் ஒரே காட்சிதான். டாக்டர் ஆகப்போகிற பிள்ளை கப்பை வாங்கியதும் அதன் குடும்பம் மொத்தமும் எழுந்து போய்விடும். சிறப்பு விருந்தினர் வாட்சைப் பார்ப்பார். ஐந்தரை மணிக்கு, முன்வரிசை பூரா காலியான பிறகு, தொழிற்பிரிவுப் பிள்ளைகள் கடனே என்று ஒரு கைதட்டு வாங்கிக்கொண்டு இறங்குவார்கள்.

நம்ம பிள்ளைகள் என்றால் அந்த அம்மாவுக்கு அவ்வளவு இளக்காரம் என்று வீட்டில் போய்ப் புலம்புவார். அவர் மனைவிக்கு அது மனப்பாடம்.

இந்த வருஷம் எரிச்சல் இரண்டு மடங்கு. வயரிங்கில் முதலாவதாக வந்தது ஒரு பெண். அவள் மாட்டிய சுவிட்ச் போர்டில் ஒரு வயர் துருத்திக்கொண்டு நிற்காது. அவளுக்கு வேலை கேட்டு சார் ஆறு கான்ட்ராக்டர்களிடம் நடையாய் நடந்தாகிவிட்டது. ஆறு பேரும் "பொண்ணா சார்?" என்று இழுத்ததோடு சரி. வேலை கிடைக்காவிட்டால் அக்கா வீட்டுக் கைக்குழந்தையைப் பார்த்துக்கொள்ள அனுப்பிவிடுவதாக அவள் அம்மா சொல்லியிருந்தார். வேலைதான் இல்லை, நிறைந்த சபையில் ஒரு கைதட்டாவது அந்தப் பெண்ணுக்குக் கிடைக்க வேண்டாமா?

வாய்ப்பு தானாக வந்தது. வழக்கமாகப் பெயர் வாசிக்கிற டீச்சருக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. மைக் வயரிங் சார் கைக்கு வந்தது.

அவர் மூன்றாவது பக்கத்தை உருவி முதலில் வைத்துக்கொண்டார்.

முதல் பெயரை வாசித்ததும் மேடையில் இருந்த தலைமையாசிரியை திடுக்கிட்டுத் திரும்பினார். கண்ணால் சாடை காட்டினார். சார் அந்தப் பக்கமே பார்க்கவில்லை. கைதட்டல் காதைப் பிளந்தது. அந்தப் பெண் கப்பை வாங்கும்போது அவள் அம்மா எழுந்து நின்று தட்டினார். சாருக்குக் கண் கலங்கிவிட்டது.

மூன்று பேரும் இறங்கிய பிறகு தலைமையாசிரியை அவர் பக்கம் சாய்ந்தார்.

"போனது போகட்டும். அந்த மூணு பேரையும் விழா முடியற வரைக்கும் இருக்கச் சொல்லுங்க."

ஓஹோ, அரங்கு காலியாகத் தெரியக் கூடாதாக்கும். நாற்காலியை நிரப்புவதற்கு என் பிள்ளைகள்தான் கிடைத்தார்களா என்று சாருக்குப் பொத்துக்கொண்டு வந்தது. இடைவேளையில் இறங்கிப் போய் மூன்று குடும்பத்தையும் கிளம்பச் சொல்லிவிட்டார். நாலேகாலுக்கு அவர்கள் பஸ் ஏறிவிட்டார்கள்.

மணி ஐந்தரை. விழா முடிந்து கூட்டம் கலைந்திருந்தது. பின்கதவு வழியாக நாலைந்து பேர் அவசரமாக உள்ளே வந்தார்கள். ஒருவர் சட்டையெல்லாம் கிரீஸ். ஒரு அம்மாள் கழுத்தில் அளவெடுக்கிற டேப்பைக் கழற்ற மறந்து வந்திருந்தார். மேடையில் நாற்காலி அடுக்குவதைப் பார்த்ததும் அப்படியே நின்றார்கள்.

"முடிஞ்சிருச்சா சார்?" என்றார் கிரீஸ் சட்டைக்காரர். "தொழிற்பிரிவுப் பிள்ளைங்க கடைசியிலதானே வாங்குவாங்க? பட்டறையைப் பூட்டிட்டு வர எங்களுக்கு இந்நேரம் ஆகும்னுதானே மேடம் அப்படி வைக்கிறாங்க."

வயரிங் சாருக்கு ஒன்றும் ஓடவில்லை. அவர்கள் யார் என்று கேட்டார்.

"வருஷா வருஷம் ஆள் எடுக்க வருவோம் சார். பின்னாடி உக்காந்து மேடையில பார்த்துட்டு, வாசல்ல பெத்தவங்களோட பேசி முடிச்சிடுவோம். வெளிய சொல்லக் கூடாதுன்னு மேடம் எல்லார்கிட்டயும் கண்டிப்பா சொல்லியிருக்காங்க. அந்நேரம் நீங்க உள்ள வயர் சுத்திக்கிட்டு இருப்பீங்க."

காதில் பென்சில் செருகியிருந்த கான்ட்ராக்டர் சுற்றும் முற்றும் பார்த்தார்.

"வயரிங்ல ஒரு பொண்ணு முதலாவதுன்னு மேடம் நாலு தடவை போன் பண்ணிட்டாங்க. நேர்ல பார்த்துட்டு அப்புறம் வேண்டாம்னு சொல்லுங்கன்னாங்க. அதுக்குத்தான் வந்தேன். விடிஞ்சா வெளியூர் வேலைக்கு வண்டி கிளம்புது. எங்க சார் அந்தப் பொண்ணு?"

சார் பதறிப்போய் அந்தப் பெண்ணின் எண்ணை அழுத்தினார். மணி அடித்து அடித்து ஓய்ந்தது. மறுபடி அழுத்தினார்.

தலைமையாசிரியை பக்கத்தில் வந்து நின்றார்.

"பதினோரு வருஷமா கேக்கறேனே மேடம். இதுதான் விஷயம்னு என்கிட்டயாவது சொல்லியிருக்கலாம் இல்ல?"

"சொன்னா உங்களுக்கு வாய் நிக்காது, பிள்ளைங்ககிட்ட சொல்லிடுவீங்க. அப்புறம் யாருமே வந்து வேலைக்குக் கேக்காத பிள்ளை, அந்தக் கப்பைத் தூக்கிக்கிட்டு எந்த முகத்தோட சார் வீட்டுக்குப் போகும்?"